துணைப்பாத்திரமும் வர்க்கமும்: மனோரமாவின் கலைவாழ்வு பற்றிய ஒரு குறிப்பு

தமிழ்த் திரைப்பட வரலாறு பெரும்பாலும் கதாநாயகர்களின் வரலாறாகவே எழுதப்பட்டு வந்துள்ளது. துணைப்பாத்திரமேற்றோர் 'சுவை கூட்டினர்' என்ற ஒரு வாக்கியத்துடன் அதனின்றும் நீங்கிவிடுவர். மனோரமாவின் (1937–2015) கலைவாழ்வை நோக்குமிடத்து இவ்வெழுத்துமுறையின் போதாமை புலனாகும்.

மன்னார்குடியிற் பிறந்து, தாயுடன் செட்டிநாட்டுப் பள்ளத்தூரில் வறுமையில் வளர்ந்த கோபிசாந்தாவுக்கு நாடகம் முதலிற் பிழைப்பு, பின்னரே கலை. எஸ். எஸ். ராஜேந்திரனின் நாடகக் குழுவிலும், அண்ணாதுரை, கருணாநிதி ஆகியோருடன் திராவிட இயக்க மேடையிலும் அவர் நடித்தார். அது அடுக்குமொழியின் மேடை. நாயகியாக நின்று அம்மொழியைப் பேசியவர், 1958 இல் கண்ணதாசனின் 'மாலையிட்ட மங்கை' வாயிலாகத் திரைக்கு வந்தபோது நகைச்சுவைப் பாத்திரமே அவருக்குரியதாயிற்று. 1963 இல் 'கொஞ்சும் குமரி'யில் நாயகியானார், அது தொடரவில்லை.

இவ்விடமாற்றம் மொழி சார்ந்ததுமாகும். திரையின் நாயகி பொதுத்தமிழ் பேசுவாள். வேலைக்காரியும் தெருவில் விற்பவளும் வட்டார வழக்கையோ சென்னைச் சேரிப் பேச்சையோ பேசுவர். உழைக்கும் மக்களின் பேச்சு திரையினுட் புகுவதற்குச் சிரிப்பே அனுமதிச்சீட்டாயிற்று. அச்சிரிப்பின் எல்லைக்குள் நின்றுகொண்டே அப்பேச்சின் ஓசையையும் வேகத்தையும் பிசகாது பதிவுசெய்தார் என்பதே மனோரமாவின் சாதனை என்போம்.

1968 இல் ஏ. பி. நாகராஜன் இயக்கிய 'தில்லானா மோகனாம்பாள்' இவ்வகையில் விதந்து கூறத்தக்கது. கொத்தமங்கலம் சுப்புவின் தொடர்கதையைத் தழுவிய இப்படத்தில் நாதஸ்வரமும் பரதமும் உயர்கலைகளாக நிற்க, அவற்றருகே நாடகக் கொம்பனி நடிகையான ஜில்ஜில் ரமாமணி வந்து சேர்கிறாள். நாயனத்தைக் கேட்டு அவள் வியக்கும்போது அரங்கு சிரிக்கிறது. ஆயின் ஜமீன்தார்களினதும் மகாராஜாக்களினதும் தயவை எதிர்நோக்கும் கலைஞரிடையே, சீட்டு வாங்கி வரும் சனங்களை நம்பி ஆடுபவள் அவள் ஒருத்தியே. படம் இதை வற்புறுத்தவில்லை. மனோரமாவின் உடலசைவு வற்புறுத்துகிறது: எவரிடமும் கூசாத அந்த நடையும் பார்வையும் ஊர் ஊராய் மேடையேறிப் பெற்றவை, ஒத்திகையில் மட்டும் வந்துவிடக்கூடியவையல்ல. தாம் கடந்துவந்த தொழிலையே அவர் அங்கு நடித்துக் காட்டினார்.

1986 இல் விசுவின் 'சம்சாரம் அது மின்சாரம்' தந்த வேலைக்காரி கண்ணம்மாவோ வேறுவகை. பேச்சுத் திறனிலும் உலகறிவிலும் எசமானரை விஞ்சுகிறாள். எனினும் அவ்வறிவு முழுவதும் நடுத்தர வர்க்கக் குடும்பமொன்றைச் சிதையாது காப்பதற்கே செலவாகிறது. அவளுடைய வீடு படத்தின் அக்கறையன்று.

ஆயிரத்துக்கு மேற்பட்ட படங்கள் என்று வியப்போர் அவ்வெண்ணின் பொருளை ஆராய்வதில்லை. அரைநூற்றாண்டிற் பரப்பினும் ஆண்டுக்கு 20 படங்கள். ஒரே காலத்தில் பல படப்பிடிப்புகளுக்கு ஓடி, துண்டு துண்டாய் உழைத்தோரின் கணக்கு இது. சிறந்த துணை நடிகைக்கான தேசிய விருது 1989 இல் வெளியான 'புதிய பாதை'க்காகவே அவருக்கு வழங்கப்பட்டது. அவர் திரைக்கு வந்து அப்போது 31 ஆண்டுகளாகியிருந்தன.