கடலடி அழுத்த உணரிகள்

கடலடி அழுத்த உணரி என்பது ஆழ்கடலின் தரையில் அமர்ந்து, தன் மேல் நிற்கும் நீரின் எடையை இடைவிடாமல் அளக்கும் மின்னணுக் கருவியாகும். சுனாமி கரையைத் தொடுவதற்கு முன், நடுக்கடலிலேயே அதை அளந்து சொல்வது இதன் வேலை. வங்காள விரிகுடாவில் இத்தகைய உணரிகள் 2004ஆம் ஆண்டுப் பேரழிவுக்குப் பிறகே நிறுவப்பட்டன.

பல்லவ மன்னன் இராசசிம்மன் எழுப்பிய கோயில்களில் ஒன்று செஞ்சி வட்டாரத்தில் பனமலைக் குன்றின் மேல் இருக்கிறது. இன்னொன்று மாமல்லபுரத்துக் கடற்கரைக் கோயில். 2004 டிசம்பர் 26 அன்று மாமல்லபுரத்தில் கடல் உள்வாங்கித் திரும்பி வந்தது. அலை மணலை அரித்துப் போனதில், புதைந்து கிடந்த பழைய சிற்பங்கள் வெளியே தெரிந்தன. கடலுக்குத் தொலைவில் உள்ள பனமலைக்கு ஒன்றும் ஆகவில்லை. ஆனால் அது அடங்கிய விழுப்புரம் மாவட்டத்துக்கு மரக்காணம் பக்கம் கடற்கரையும் உண்டு. அங்கே மீனவர் குப்பங்களில் உயிர்கள் போயின.

அன்று உலகில் உணரிகளே இல்லாமல் இல்லை. இந்திய நேரப்படி காலை 6.29 மணிக்குச் சுமாத்திரா அருகே நிலம் அதிர்ந்ததை நிலநடுக்கமானிகள் உடனே பதிவு செய்தன. ஹவாயில் இருந்த பசிபிக் சுனாமி எச்சரிக்கை மையம் கால் மணி நேரத்தில் ஓர் அறிக்கையும் வெளியிட்டது. அதில் நிலநடுக்கத்தின் அளவு 8.0 என்று இருந்தது. உண்மையான அளவு 9.1 என்பது பின்னர் தெரிந்தது. ஆற்றலில் இது நாற்பது மடங்குக்கும் மேலான வேறுபாடு. சென்னை, தூத்துக்குடித் துறைமுகங்களின் கடல்மட்டமானிகளும் அலையைப் பதிவு செய்தன. ஆனால் அவை இருந்தது கரையில். அவை உணர்ந்தபோது கரையும் உணர்ந்துவிட்டது. நிலநடுக்கம் தொடங்கி அலை தமிழகக் கரைக்கு வர இரண்டு மணி நேரத்துக்கும் மேல் ஆனது. அந்த நேரம் முழுவதும் அலை கடந்து வந்த கடலின் அடியில் அதை அளக்க ஒரு கருவிகூட இல்லை. அமெரிக்கா உருவாக்கிய ஆழ்கடல் சுனாமி மிதவை நிலையங்கள் அப்போது மொத்தம் ஆறு. ஆறும் பசிபிக் பெருங்கடலில் இருந்தன.

இக்கருவியின் மூலக் கொள்கை பழையது. 1880இல் பிரான்சில் பியேர் கியூரி, ஜாக் கியூரி என்ற சகோதரர்கள், குவார்ட்சு போன்ற சில படிகங்களை அழுத்தினால் அவற்றில் மின்னூட்டம் தோன்றுவதைக் கண்டறிந்தனர். சமையலறை லைட்டரை அழுத்தும்போது பொறி பறப்பது இதே விளைவால்தான். மறுபக்கமும் உண்டு: படிகத்துக்கு மாறும் மின்னழுத்தம் கொடுத்தால் அது அதிரும். குவார்ட்சு கைக்கடிகாரத்தில் சிறு படிகம் ஒன்று நொடிக்கு 32,768 முறை அதிர்ந்து நேரம் காட்டுகிறது. அதிரும் படிகத்தின் மேல் விசை கூடினாலோ குறைந்தாலோ அதன் அதிர்வெண் சற்றே மாறும். அந்த மாற்றத்தை மின்சுற்று எண்ணிக் கணக்கிட்டால் அழுத்தம் கிடைத்துவிடும்.

கடலில் 4,000 மீட்டர் ஆழத்தில் அழுத்தம் ஏறத்தாழ 400 வளிமண்டல அளவு. அத்தனை பாரத்தின் கீழ் இருந்துகொண்டு, மேலே நீர்மட்டம் ஒரு சென்டிமீட்டர் உயர்ந்தாலும் இவ்வுணரி கண்டுகொள்கிறது. காற்றால் எழும் அலைகள் எவ்வளவு கொந்தளித்தாலும் அவ்வளவு ஆழத்தை எட்டுவதில்லை. சுனாமி அப்படியன்று, அது மேற்பரப்பு முதல் தரை வரை நீர் முழுவதையும் அசைத்துக்கொண்டு, 4,000 மீட்டர் ஆழக் கடலில் மணிக்கு 700 கிலோமீட்டர் வேகத்தில் போகும். ஆகவே கடலின் அடித்தரை ஒரு நல்ல வடிகட்டி. ஏற்ற வற்றம் மட்டும் கணக்கில் குறுக்கிடும். ஆனால் அது மெதுவாக நிகழ்வது, முன்கூட்டியே கணிக்கக்கூடியது. கணித்த அழுத்தத்துக்கும் அளந்த அழுத்தத்துக்கும் உள்ள வேறுபாடு சுமார் 3 சென்டிமீட்டர் நீர் உயரத்தைத் தாண்டினால் கருவி தானே எச்சரிக்கை நிலைக்கு மாறி, அடிக்கடி தகவல் அனுப்பத் தொடங்குகிறது. வானொலி அலை கடல்நீரில் வெகுதூரம் செல்லாது. எனவே தகவல் முதலில் ஒலியாக மேலே மிதவைக்கும், அங்கிருந்து செயற்கைக்கோள் வழியாகக் கரைக்கும் போகிறது.

இந்தியாவின் சுனாமி முன்னெச்சரிக்கை மையம் 2007 அக்டோபர் 15 அன்று ஐதராபாத்தில் திறக்கப்பட்டது. அதற்கான கடலடி உணரிகளையும் மிதவைகளையும் நிறுவிப் பராமரிக்கும் பணி சென்னைப் பள்ளிக்கரணையிலுள்ள தேசியக் கடல் தொழில்நுட்பக் கழகத்தைச் சேர்ந்தது.

2012 ஏப்ரல் 11 பிற்பகலில் சுமாத்திராவுக்கு மேற்கே 8.6 அளவில் நிலம் அதிர்ந்தது. சென்னையில் மக்கள் கட்டடங்களை விட்டு வெளியே ஓடினர். 2004இன் நினைவு எல்லோருக்கும் இருந்தது, எச்சரிக்கையும் விடுக்கப்பட்டது. ஆனால் அம்முறை பாறைத் தட்டு மேலே எழவில்லை, பக்கவாட்டில் நகர்ந்திருந்தது. கடல் உணரிகள் காட்டிய எழுச்சி சிறிதே. எச்சரிக்கை அன்றே விலக்கிக்கொள்ளப்பட்டது. வராத சுனாமியை வரவில்லை என்று சொல்வதும் இக்கருவியின் பயன். பொய்யான எச்சரிக்கைகள் பெருகினால் அடுத்த முறை யாரும் ஓடமாட்டார்கள்.

படிகமும் மின்சுற்றும் தராத தொல்லையை மேலே மிதக்கும் மிதவை தருகிறது. கடலில் எது மிதந்தாலும் அதன் நிழலில் மீன் சேரும். மீன் சேரும் இடத்துக்குப் படகு வரும். படகுகளை மிதவையில் கட்டுவதாலும், உறுப்புகளைக் கழற்றுவதாலும் கருவிகள் பலமுறை செயலிழந்தன. யாருடைய உயிரைக் காக்க அவை மிதக்கின்றனவோ, அவர்களிடமே அதை விளக்க வேண்டியதாயிற்று. கழகத்தினர் மீனவ ஊர்களில் விழிப்புணர்வுக் கூட்டங்கள் நடத்தினர்.

மின்கலம் தீர்வதற்குள் கப்பல் அந்த இடத்துக்குப் போக வேண்டும். கப்பலிலிருந்து ஓர் ஒலிக்குறி கீழே அனுப்பப்படும். கருவியைத் தரையில் இருத்தியிருக்கும் எடை கழன்று கடலடியிலேயே கிடக்க, உணரி மட்டும் மெல்ல மேலே மிதந்து வரும்.