மீன் கொடியும் மீன் சட்டியும்

மதுரைக்குக் கடல் கிடையாது. கடலைப் பார்க்க வேண்டுமானால் கிழக்கே ஏறக்குறைய நூறு கிலோமீட்டர் பிரயாணம் செய்ய வேண்டும். இருந்தும் இந்த ஊரை ஆண்ட பாண்டியன் தன் கொடியில் மீனைத்தான் எழுதினான். காசிலும் மீனையே பொறித்தான். இன்றைக்கும் ஊரை ஆளுகிற அம்மனுக்கு மீனாட்சி என்று பெயர்.

இதில் ஒரு வேடிக்கை உண்டு. அந்த அம்மன் கோயில் பொற்றாமரைக் குளத்தில் மட்டும் மீன் இராது என்பார்கள். திருவிளையாடற் புராணத்தில் அதற்குக் கதை இருக்கிறது. நாரை ஒன்று பசியோடு அந்தக் குளத்துக்கு வந்ததாம். கண்ணெதிரே மீன்கள் துள்ளியும், புண்ணிய தீர்த்தத்தில் உயிர்க்கொலை கூடாது என்று பட்டினி கிடந்ததாம். இறைவன் மனமிரங்கி, "என்ன வரம் வேண்டும்?" என்று கேட்டபோது, தனக்கு முத்தியும், தன் இனத்தார் பாவம் செய்யாதிருக்க இந்தக் குளத்தில் மீனே இல்லாமையும் வேண்டும் என்று கேட்டுப் பெற்றதாம். இந்த நாரையை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் அதனிடம் நமக்குக் கொஞ்சம் வேலை இருக்கிறது.

இந்தப் பழங்கதையெல்லாம் எனக்கு ஞாபகம் வந்தது ஒரு ஞாயிற்றுக்கிழமைக் காலையில், எங்கள் வீட்டு அடுக்களையில். முதல் நாள் இரவு பொரித்த ஜிலேபிக் கெண்டையில் நாலு துண்டு மீந்து குளிர்பதனப் பெட்டியில் இருந்தது. விடுமுறைக்கு வந்திருந்த என் மகள் வயிற்றுப் பேத்தி அதை எடுத்து, முள்ளை நீக்கிச் சதையை உதிர்த்தாள். தோசைக்கல்லில் சின்ன வெங்காயத்தை வதக்கி, மீனை அதில் போட்டு, ஆவி பறக்கும்வரை புரட்டினாள். கோசைப் பொடியாக அரிந்து, கெட்டித் தயிரும் உப்பும் ஒரு சிட்டிகை மிளகாய்ப் பொடியும் போட்டுப் பிசறினாள். சின்னதாகத் தோசை ஊற்றி, நடுவில் மீனையும் மேலே கோசையும் வைத்து, எலுமிச்சம்பழம் பிழிந்து, இரண்டாக மடித்து என்னிடம் நீட்டினாள். கால் மணி நேரம்கூட ஆகவில்லை.

"சாப்பிட்டுப் பாருங்க தாத்தா. இதுக்குப் பேரு டாக்கோ. மெக்ஸிகோ நாட்டுப் பலகாரம்."

என் மனைவி சும்மா இருப்பாளா? "மீந்த மீனைத் தோசையிலே வச்சுத் திங்கிறதை மெக்ஸிகோக்காரன் வந்து நமக்குச் சொல்லிக் கொடுக்கணுமா?" என்றாள்.

"அவங்க தோசை மக்காச்சோளத்துல, அம்மாச்சி!"

இரண்டு பேர் சொல்வதிலும் நியாயம் இருக்கிறது என்று நான் நினைத்தேன். முதல் நாள் மீனை மறுநாள் தின்னும் வித்தையை நமக்கு யாரும் கற்றுக் கொடுக்க வேண்டியதில்லை. சட்டியில் இரவெல்லாம் கிடந்த மீன் குழம்புக்கு இருக்கும் ருசி, அன்றன்று வைத்த குழம்புக்குக் கிடையாது. புளியும் உப்பும் சதைக்குள் இறங்க நேரம் வேண்டும். மசாலாவின் பச்சை வாடை அடங்கவும் நேரம் வேண்டும். புளிப்பு, கெட்டுப்போவதைக் கொஞ்சம் தள்ளிப் போடும். அதனால்தான் குளிர்பதனப் பெட்டி இல்லாத காலத்தில், இரவில் ஒரு கொதி, விடியலில் ஒரு கொதி என்று மண் சட்டியை மாற்றி மாற்றி அடுப்பில் ஏற்றினார்கள். ஆனால், வாங்கும்போதே கெட்டுப்போன மீனை எத்தனை கொதி விட்டாலும் நல்ல மீனாக்க முடியாது.

புளிக் குழம்பு நமக்கு எவ்வளவு பழையது? அகநானூற்றின் அறுபதாம் பாட்டைப் பாருங்கள். குடவாயிற் கீரத்தனார் பாடியது. கடலில் வலை போட்டுவிட்டு இருக்கும் தந்தைக்குப் பரதவர் மகள் ஒருத்தி சாப்பாடு கொண்டு போகிறாள். உப்பு விற்று வாங்கிய நெல்லின் வெண்சோறு. அதன்மேல் அயிலை மீன் போட்ட புளிக் குழம்பு. தொட்டுக்கொள்ளக் கொழுத்த மீன் துண்டு. ஏறத்தாழ 2,000 ஆண்டுகளுக்கு முந்தைய சாப்பாட்டுத் தூக்கு அது. இன்றைக்கு அவள் வந்து எங்கள் அடுக்களையில் நின்றால், வாசனையை வைத்தே இது நம்முடைய குழம்பு என்று சொல்லிவிடுவாள்.

ஆனால் சட்டியை எட்டிப் பார்த்ததும் திடுக்கிட்டுப் போவாள். இதென்ன சிவப்பு? அவளுக்குத் தெரிந்த காரம் மிளகுதான். மிளகாயை அவள் கண்டதே இல்லை. அது அப்போது பூமியின் மறுபக்கத்தில், மெக்ஸிகோவிலும் அமெரிக்கக் கண்டத்தின் பிற பகுதிகளிலும் மட்டுமே காய்த்துக்கொண்டிருந்தது. 1498இல் வாஸ்கோட காமா கோழிக்கோட்டில் இறங்கிய பிறகு, போர்த்துக்கீசியர் கப்பல்களில் அது நம் கரைக்கு வந்து சேர்ந்தது. மிளகைப் போலக் காரமான காய் என்று நம்மவர்கள் மிளகாய் என்று பெயர் வைத்து, வீட்டுப் பிள்ளையாக்கிக் கொண்டார்கள். ஆகவே என் மனைவிக்கு நான் சொல்ல வேண்டிய பதில் இதுதான்: மெக்ஸிகோக்காரன் இன்றைக்குப் புதிதாக வரவில்லை, பல தலைமுறையாகவே உன் குழம்புச் சட்டிக்குள்தான் உட்கார்ந்திருக்கிறான்.

அந்த மெக்ஸிகோவின் தலைநகரைப் பற்றிப் படித்தபோது எனக்கு மதுரையின் ஞாபகம் வந்தது. அதுவும் கடலில்லாத ஊர்தான். அஸ்டெக் மக்கள் ஓர் ஏரியின் நடுவே தெனோச்தித்லான் என்ற பட்டணத்தைக் கட்டி வாழ்ந்தார்கள். மீன் அவர்களுக்கு அந்த ஏரியிலிருந்து கிடைத்தது. சாககுன் என்ற ஸ்பானியப் பாதிரியார் பதினாறாம் நூற்றாண்டில் அம்மக்களின் ஆகாரங்களை ஒன்று விடாமல் எழுதி வைத்தார். மிளகாயும் தக்காளியும் சேர்த்துச் செய்த மீன் பதார்த்தமும் அதில் உண்டு. கையில் சோள ரொட்டி, அதற்குள் காரமான மீன்! பேத்தி நீட்டியது அதன் தூரத்து உறவுதான்.

1521இல் ஸ்பானியர் அந்தப் பட்டணத்தைப் பிடித்தார்கள். ஏரியின் நடுவே ஊர் நடத்த அவர்களுக்குத் தெரியவில்லை; வெள்ளம் வந்தபோதெல்லாம் தவித்தார்கள். 1607இல் ஏரி நீரை வெளியேற்றக் கால்வாய் வெட்டத் தொடங்கினார்கள். 1629இல் வந்த வெள்ளம் வருஷக் கணக்கில் வடியவில்லை. மேலும் மேலும் வெட்டினார்கள். 1900இல் பெரிய வடிகால் திறக்கப்பட்டது. ஏரியின் பெரும்பகுதி போயே போய்விட்டது. இன்றைக்கு அந்த மாநகரம் குடிநீருக்காக நிலத்தடி நீரை உறிஞ்சி உறிஞ்சி, தானே தரையில் அமிழ்ந்துகொண்டிருக்கிறது. இப்போது உலகமெங்கும் பேர் வாங்கியிருக்கிற மீன் டாக்கோ அந்த ஏரி ஊரின் சரக்கல்ல. நெடுந்தூரத்துக்கு அப்பால், பாஹா கலிபோர்னியாவின் கடற்கரையில் பிறந்தது.

நம் கதைக்கு வருகிறேன். மதுரைச் சீமையில் மீன் வந்தது வைகையிலிருந்தும், அதைவிட அதிகமாகக் கண்மாய்களிலிருந்தும். ஒரு கண்மாய் நிறைந்து மறுகால் பாய்ந்தால் அடுத்த கண்மாய்க்கு நீர். அது நிறைந்தால் அதற்கடுத்ததற்கு. புதுவெள்ளத்தை எதிர்த்து மீன் ஏறும். விரால், கெளுத்தி, குரவை, கெண்டை எல்லாம் உண்டு. எல்லாவற்றிலும் சிறியது, எல்லாவற்றிலும் பேர் பெற்றது அயிரை. விரல் நீளம்கூட இராது. உயிரோடு வாங்கி, பாலில் விட்டு, மண்ணைக் கக்க வைத்து, கல்லுப்புப் போட்டு உரசிக் கழுவி, புளிக் குழம்பில் போட வேண்டும். மதுரைக்காரரிடம் அயிரைக் குழம்பு என்று சொன்னால் போதும், பேச்சை நிறுத்தி ஒரு நிமிஷம் கண்ணை மூடிக்கொள்வார்.

1895இல் பெரியாறு அணை திறக்கப்பட்டு, மேற்கே போன தண்ணீர் மலையைக் குடைந்து வைகைக்குத் திரும்பியது. மேலூர்ப் பக்கம் வானத்தைப் பார்த்துக்கொண்டிருந்த நிலங்களுக்கு அதனால் உயிர் வந்தது. இன்றும் அந்தப் பக்கத்துக் கிராமங்களில் அறுவடை முடிந்து, கோடையில் கண்மாய் வற்றும்போது மீன்பிடித் திருவிழா நடக்கிறது. சுற்று வட்டார ஜனங்கள் எல்லாரும் ஊத்தாவும் கச்சாவுமாகக் கரையில் காத்து நிற்பார்கள். ஊர்ப் பெரியவர் துண்டை வீசியதும் அத்தனை பேரும் ஒரே சமயத்தில் இறங்குவார்கள். அகப்பட்டது அவரவருக்கு. அன்றைக்கு ஊரெல்லாம் ஒரே குழம்பு வாசனை. மறுநாள் காலை ஊரெல்லாம் மீந்த குழம்பு.

அப்புறம் 1952இல் இலங்கையிலிருந்து மண்டபத்துக்கு ஒரு மீன் வந்தது. ஆப்பிரிக்காவைச் சேர்ந்தது, பெயர் திலேப்பியா. ஏழை ஜனங்களுக்கு மலிவாக மீன் கிடைக்கட்டும் என்ற நல்லெண்ணத்தோடு வளர்த்துப் பரப்பினார்கள். நம் ஜனங்கள் அதற்கு ஜிலேபிக் கெண்டை என்று பெயர் சூட்டினார்கள். முட்டையையும் குஞ்சையும் வாயிலேயே வைத்துக் காக்கிற தாய் அது. கலங்கல் தண்ணீரானாலும் சகித்துக்கொள்ளும். எந்தக் குட்டையிலும் பிழைத்து, மற்ற மீன்களின் இரையையும் இடத்தையும் எடுத்துக்கொண்டது. பேத்தி தோசையில் மடித்தது அதன் சந்ததியைத்தான்.

இப்போது என் மனத்தை உறுத்துவதைச் சொல்லிவிடுகிறேன். நம் மீன் சட்டிக்குள் வெளியூரிலிருந்து வந்தவையெல்லாம் நன்றாக இருக்கின்றன. மிளகாய் செழிக்கிறது. அதன் பின்னால் வந்த தக்காளி செழிக்கிறது. ஜிலேபிக் கெண்டை செழிக்கிறது. இனி டாக்கோவும் செழிக்கட்டும். எனக்கு வருத்தமில்லை, இரண்டு தின்றேன், மூன்றாவதும் கேட்டேன். இந்த மண்ணுக்கே உரிய அயிரைதான் சந்தையில் அருகி, விலை ஏறி, விருந்துப் பண்டமாகிவிட்டது. அதற்கு வேண்டியது கண்மாயும் மண்ணும் ஒழுங்காக ஓடுகிற கால்வாயும். அவற்றைத்தான் நாம் தூர்த்துக்கொண்டு வருகிறோம். மதுரையின் கிழக்கே உலகனேரி என்று ஓரிடம் உண்டு. பெயரிலேயே ஏரி இருக்கிறது. அந்தக் கண்மாய்ப் பரப்பில்தான் 2004இல் உயர்நீதிமன்றக் கிளை திறக்கப்பட்டது. நீதிமன்றம் ஊருக்கு வேண்டும்தான். ஆனால் ஊருக்குத் தேவையான ஒவ்வொன்றுக்கும் ஒரு கண்மாயே இடம் கொடுக்க வேண்டும் என்றால், கடைசியில் நமக்கு மிஞ்சுவது கண்மாயின் பெயர் மட்டும்தான். மெக்ஸிகோவிடமிருந்து மிளகாயை வாங்கிக்கொண்டோம், நல்லது. ஏரியைத் தொலைக்கும் வித்தையையும் வாங்கிக்கொள்ள வேண்டுமா?

நாரையை மறந்துவிடவில்லையே? அது ஏன் மதுரைக்கு வந்தது என்பதைச் சொல்லாமல் விட்டேன். பாண்டிய நாட்டில் அது குடியிருந்த குளம், மழையில்லாமல் வற்றிப்போனதால்தான் கிளம்பியது என்று புராணம் சொல்கிறது. ஒரே ஒரு குளத்தில் மீன் வேண்டாம் என்றுதான் அது வரம் கேட்டது. மற்றக் குளங்களில் எல்லாம் மீன் இருக்கும் என்ற தைரியத்தில் கேட்ட வரம் அது.