பாலையாவின் முகம்

இந்த எபிசோடு பாகூர்ல, எங்க தாத்தா வீட்டுல ஆரம்பிக்குது. தாத்தாவுக்குக் காது சுத்தமா கேட்காது. மெஷின் வாங்கிக் கொடுத்தோம், மாட்டவே மாட்டார். போன பொங்கலுக்கு டிவியில 'காதலிக்க நேரமில்லை' ஓடுச்சு. நாகேஷ், அப்பா பாலையாவுக்குத் திகில் கதை சொல்ற சீன். ஒரு வார்த்தையும் காதுல விழாத தாத்தா குலுங்கிக் குலுங்கிச் சிரிக்கிறார். "அப்படி என்ன தாத்தா?"ன்னு கையை ஆட்டிக் கேட்டேன். "பாலையா மூஞ்சியப் பாருடா"ன்னார்.

அதுக்கப்புறம்தான் டி. எஸ். பாலையாவைத் தேட ஆரம்பிச்சேன். 1914இல் பிறந்தவர். நாடக மேடையிலிருந்து வந்தவர். 1936இல் எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கிய 'சதி லீலாவதி'தான் முதல் படம். தமிழில் பேசும்படம் வந்தே அப்போ 5 வருஷம்தான் ஆகியிருந்தது. நல்லாப் பாடத் தெரிஞ்சவங்கதான் ஹீரோ. டங்கன் அமெரிக்கர், தமிழ் தெரியாது. வசனம் புரியாத ஒரு டைரக்டர் முன்னாடி பாலையா வில்லனா நின்னார்: ஹீரோ எம். கே. ராதாவைக் குடிக்க வெச்சுக் கெடுக்கிற கூட்டாளி. அதே படத்துல அறிமுகமான எம்.ஜி.ஆருக்கு ஒரு சின்ன போலீஸ் வேஷம்தான்.

எம்.ஜி.ஆர். ஹீரோவாகி, முதலமைச்சராவும் ஆனார். பாலையா பெரும்பாலும் குணச்சித்திர நடிகர்தான். ஆனா அந்த இடத்தையே அவர் பெருசாக்கினார். 1949இல் அண்ணா எழுதிய 'வேலைக்காரி'. அதுலயும் ஹீரோவோட நண்பன்தான். ஆனா இந்தத் தடவை நல்ல புத்தி சொல்லிக் காப்பாத்துற நண்பன். 1964இல் பணக்கார அப்பா. 1965இல் 'திருவிளையாடல்' ஹேமநாத பாகவதர். 1968இல் 'தில்லானா மோகனாம்பாள்' தவில் வித்வான்.

ஹேமநாதரை மறுபடி பாருங்க. பாலமுரளிகிருஷ்ணா குரலுக்கு வாயசைச்சு, என்ன ஒரு திமிரா சபையில உட்கார்ந்திருப்பார்! அன்னைக்கு ராத்திரி விறகுவெட்டி பாடறது காதுல விழுது. அவ்வளவு கர்வமும் அந்த முகத்துல கொஞ்சம் கொஞ்சமா இறங்கும். பாடறது சிவாஜி. ஆனா அந்தப் பாட்டு எவ்வளவு பெருசுன்னு நமக்குக் காட்டுறது, அதைக் கேட்கிற பாலையா. நாகேஷ் சீனும் அதேதான். பயந்துபோய்க் கேட்க ஒருத்தர் இல்லேன்னா அந்தக் கதைக்கு ஏது சிரிப்பு?

1972இல் பாலையா இறந்துட்டார். பக்கத்துல நிக்கிறவரைப் பெரிய ஆளாக் காட்டுறதும் நடிப்புதான்னு 36 வருஷம் காட்டிட்டுப் போயிருக்கார்.

ஒண்ணு சொல்லணும். தாத்தா வயக்காட்டுக் கதை சொல்றப்போ நான் போனைப் பார்த்துட்டே 'ம்' கொட்டுவேன். அந்த 'ம்' அவருக்குக் கேட்கவே கேட்காதுன்னு எனக்கு இப்போதான் உறைச்சுது. இத்தனை நாளா அவர் பார்த்தது என் முகத்தை மட்டும்தான். இந்த ஞாயித்துக்கிழமை பாகூர் போறேன். போனைப் பையிலயே வெச்சுடப் போறேன்.