கல்லில் சுட்ட ஓட்ஸ் அடை

குளிரும் ஈரமும் மிகுந்து, கோடை குறுகி, மண் வளம் குன்றிய ஸ்காட்லாந்தின் மேட்டுநிலங்களில் கோதுமை செழிக்கவில்லை. ஓட்ஸும் பார்லியுமே அங்கு நம்பத்தக்க விளைச்சலைத் தந்தன. அறுவடைக்குப் பின்னும் ஈரம் போகாத ஓட்ஸைச் சூளையில் வாட்டிய பிறகே அரைத்தனர். கொழுப்பு மிகுந்த அந்த மாவு விரைவில் சிக்கு வாடை கொள்ளாமல் காத்ததும், அதற்கு வறுத்த மணத்தை ஏற்றியதும் அந்தச் சூட்டின் வேலையே.

பிசைந்த மாவை இழுவையாக்கி உப்பச் செய்யும் குளூட்டன் என்னும் புரதம் கோதுமையில் உண்டு. ஓட்ஸில் அத்தன்மை இல்லாததால் அதை உப்பிய ரொட்டியாக்க இயலாது, எளியவர் வீடுகளிலோ ரொட்டி சுடும் மூடடுப்பும் இருக்கவில்லை. இவ்விரண்டும் சேர்ந்தே ஓட்கேக் எனப்படும் தட்டையான, மொறுமொறுப்பான அடையை உருவாக்கின. அதை வறுமையின் உணவென்று மட்டும் ஒதுக்குவது, தானியத்தின் போக்கறிந்து சமைத்த பெண்களின் நுண்ணறிவை மறைத்துவிடும். மாவில் உப்பும் உருக்கிய பன்றிக்கொழுப்பும் சேர்த்து, வெந்நீர் விட்டுப் பிசைந்து, ஆறினால் விண்டுபோகும் என்பதால் சூடு தணியுமுன் உலர்மாவு தூவிய பலகையில் மெல்லிய வட்டமாகத் தேய்த்து, நான்காக வெட்டிச் சுட்டனர். ஓரம் சுருண்டு மேலெழும்பியதும் எடுத்து, கணப்புத் தீயின் முன் நிறுத்தி மேற்புறத்தையும் வாட்டினர்.

சுடும் கருவி 'கர்டில்'; நம் தோசைக்கல்லைப் போன்ற, வளைந்த பிடியால் தீயின்மேல் தொங்கவிடப்பட்ட இரும்புத் தட்டு. 1327ஆம் ஆண்டுப் போரில் ஸ்காட்லாந்துக் குதிரைவீரர்கள் சேணத்தடியில் ஒரு தட்டையும் பின்னால் ஒரு பை ஓட்ஸ் மாவையும் கொண்டு சென்று, பாளையத்திலேயே அடை சுட்டுக்கொண்டதாகப் பிரெஞ்சு மொழியில் வரலாறு எழுதிய ஃப்ருவாசார் குறிப்பிடுகிறார். படைக்குத் தனி உணவு வண்டிகள் தேவைப்படாமல் விரைந்து நகர முடிந்ததற்கு இந்த ஏற்பாடும் ஒரு காரணம் எனலாம். ஃபைஃப் பகுதியின் கூரஸ் என்னும் சிற்றூரின் கொல்லர்கள் இத்தட்டுகளை அடித்துச் செய்வதில் பெயர்பெற்றனர். 1599இல் மன்னர் ஆறாம் ஜேம்ஸ் அத்தொழிலின் தனியுரிமையை அவர்களுக்கே வழங்கினார். அடுப்பங்கரைத் தட்டு ஒன்றுக்கு அரச ஆணை பிறந்தது என்பதே அந்நாட்டு வாழ்வில் ஓட்கேக் பெற்றிருந்த இடத்துக்குப் போதிய சான்று. 18ஆம் நூற்றாண்டில் அவ்வுரிமை வலுவிழந்தது. 1759இல் தொடங்கிய கேரன் ஆலையின் வார்ப்பிரும்புத் தட்டுகள் மலிவாகப் பரவியதும், கூரஸ் கொல்லர்களின் கைத்தொழில் மெல்ல நலிந்தது.