புலால் மறுத்தல் முதல் நனிசைவம் வரை

சென்னையிலிருந்து செங்கல்பட்டு போகும் மின்ரயிலில் மறைமலை நகருக்கு அடுத்த நிறுத்தம் சிங்கப்பெருமாள் கோயில். பாடலாத்ரி என்னும் சிறு குன்றைக் குடைந்த கருவறையில் நரசிம்மர் வீற்றிருக்கிறார். மூலவரை வலம்வர வேண்டுமானால் குன்றையே சுற்ற வேண்டும். ஆரத்தியின்போது அர்ச்சகர் திருமண்ணை விலக்கி நெற்றிக்கண்ணைக் காட்டுவார். ஊரின் பெயரிலேயே பெருமாள் இருக்கிறார். ஆனாலும் இங்கே இறைச்சி சமைக்காத கடையின் பலகையில் 'சைவ உணவகம்' என்றுதான் எழுதியிருக்கும். திருமண் இட்டவரும் தயங்காமல் 'நான் சைவம்' என்பார். வடநாட்டு நெடுஞ்சாலைகளில் இதே மாதிரிக் கடைக்கு 'வைஷ்ணோ தாபா' என்று பெயர். அங்கே விஷ்ணுவின் பெயர், இங்கே சிவனின் பெயர். உண்ணும் உணவுக்குக் கடவுளின் பெயர் எப்படி வந்தது?

சிவம் என்பதிலிருந்து பிறந்தது சைவம். சிவனைச் சார்ந்தது என்பதே பொருள். உணவைப் பற்றி அந்தச் சொல்லில் ஒரு குறிப்பும் இல்லை. பழந்தமிழில் உணவை இப்படி இரண்டாகப் பிரிக்கும் பெயரும் இல்லை. காஞ்சியை ஆண்ட தொண்டைமான் இளந்திரையன்மீது பாடப்பட்ட பெரும்பாணாற்றுப்படை இந்தத் தொண்டை நாட்டின் வழியாகவே பாணனை நடத்திச் செல்கிறது. எயினர் குடியிருப்பில் உடும்பின் கறி கிடைக்கிறது. ஆயர் வீட்டில் பால். அந்தணர் வீட்டில் மாதுளங்காயும் மாவடுவும். ஒவ்வொரு திணையின் சோற்றுக்கும் தனித்தனிப் பெயர் உண்டு. 'இது அந்தக் கூட்டத்தார் சாப்பாடு' என்று எதற்கும் முத்திரை குத்தவில்லை.

விலக்குவதைக் குறிக்கத் தமிழில் முதலில் வந்த பெயர் 'புலால் மறுத்தல்'. புலவு என்றால் பச்சை இறைச்சியின், மீனின் நாற்றம். அந்த நாற்றமே இறைச்சிக்குப் பெயராகிப் புலால் ஆயிற்று. திருக்குறளின் 26ஆம் அதிகாரத்துக்கு இதுதான் தலைப்பு. அதற்கு முந்தைய 25ஆம் அதிகாரம் அருளுடைமை. இந்த வரிசையைக் கவனிக்க வேண்டும். முதலில் அருள், பிறகு அந்த அருள் தட்டில் என்ன செய்யும் என்ற கேள்வி. 33ஆம் அதிகாரமான கொல்லாமை பின்னால் வருகிறது. 'நான் கொல்லவில்லை, விலைக்குத்தான் வாங்கினேன்' என்பவருக்கும் வள்ளுவர் இடம் கொடுக்கவில்லை: தின்பவர் இல்லையென்றால் விற்பவரும் இருக்கமாட்டார் என்கிறார். சந்தையின் கணக்கை இவ்வளவு நேராகச் சொன்ன அறநூல் அரிது.

மறுத்தல், கொல்லாமை என்ற இரண்டும் செயலைக் குறிக்கும் பெயர்கள். யார் வேண்டுமானாலும் இன்று மறுக்கலாம், நாளையும் மறுக்கலாம். பிறப்போ மதமோ அதற்குத் தேவையில்லை. சமணர்களின் வலுவான கொள்கையாக இது இருந்தது. சைவ நூலான திருமந்திரமும் புலால் மறுத்தல், கொல்லாமை என்றே தலைப்பிட்டுப் பாடுகிறது.

ஆனால் முற்காலச் சைவம் முழுக்கப் புலால் மறுத்ததல்ல. மாமல்லபுரக் கரையை ஆண்ட பல்லவரில் முதலாம் மகேந்திரவர்மன் 7ஆம் நூற்றாண்டில் எழுதிய மத்தவிலாசப் பிரகசனத்தில் காஞ்சித் தெருவில் ஒரு காபாலிகன் வருகிறான். சிவனை வழிபடுகிறவன். அவன் கையிலிருந்த கபாலம் காணாமல் போகிறது. அதில் சுட்ட இறைச்சி இருந்ததால் நாய் கவ்விக்கொண்டு போயிற்று என்பது கதை. சேக்கிழார் 12ஆம் நூற்றாண்டில் பாடிய பெரியபுராணத்தில் கண்ணப்பர் இறைவனுக்குப் படைத்ததும் இறைச்சிதான். சிவனுக்கு உகந்தது அன்பு என்று சொன்ன மரபு அது.

பிறகு மடங்களும் புலால் உண்ணாத வேளாளக் குடிகளும் சைவத்தின் முகமாயின. சைவ வேளாளர், சைவப் பிள்ளை, சைவ முதலியார் என்று சாதிப் பெயரோடு சொல் ஒட்டிக்கொண்டது. அந்தக் குடிகளின் அடுப்பில் வெந்தது எதுவோ அதுவே 'சைவம்' ஆயிற்று. மற்றவர் உண்பதற்கு முன்னால் ஓர் 'அ' சேர்த்து 'அசைவம்' என்றார்கள். மறைமலை அடிகளின் எழுத்தில் இந்த இணைப்பு வெளிப்படையாகவே தெரியும். சிங்கப்பெருமாள் கோயிலுக்குப் பக்கத்து ஊரான மறைமலை நகர் அவர் பெயரைத் தாங்கியது. வேதாசலம் என்ற பெயரை மறைமலை என்று மாற்றிக்கொண்டு 1916இல் தனித்தமிழ் இயக்கத்தைத் தொடங்கியவர் அவர். உழுது விளைத்து உண்டவர்களே கொலையையும் புலாலையும் விட்டார்கள் என்று வேளாளரை முன்னிறுத்தி வாதிட்டார். வாதத்தின் அடியில் அருள் இருந்தது. மேலே குலப்பெருமையும் இருந்தது.

நம் காலத்தில் அருள் தேய்ந்து பெருமை மட்டும் மிஞ்சிவிட்டது. 'சைவம் மட்டும்' என்று வீட்டு வாடகை விளம்பரம் வருகிறது. 'சுத்த சைவம்' என்று பலகை வைக்கிறார்கள். சுத்தம் என்பது உண்பவரின் தூய்மை பற்றியது. வெட்டப்படும் ஆட்டைப் பற்றி அதில் ஒரு சொல்லும் இல்லை. பக்கத்து வீட்டில் மீன் பொரிக்கும் வாசத்துக்கு முகம் சுளித்து ஒரு மனிதரைத் தாழ்த்துவது எந்த உயிருக்கும் செய்த நன்மை ஆகாது.

இந்தத் திரிபைத் திருத்தும் பெயரை வள்ளலார் முன்பே கொடுத்தார்: சீவகாருண்யம். 1867இல் வடலூரில் சத்திய தருமச்சாலையைத் தொடங்கி அவர் மூட்டிய அடுப்பு இன்றும் எரிகிறது. புலால் உண்பவரைப் புறவினத்தார் என்று அவர் பிரித்தார். ஆனால் அவர்களின் பசியையும் ஆற்றவே வேண்டும் என்றார். பசித்தவன் எந்த இனம் என்பதைவிட அவன் பசியே முதலில் என்பதால்தான் அந்தச் சொல்லை நான் முழு மனத்தோடு ஏற்கிறேன்.

காருண்யம் என்று எடுத்துக்கொண்டால் பாலைப் பற்றிக் கேட்காமல் தாண்ட முடியாது. கன்று ஈனாமல் பசு பால் தராது. ஈனும் கன்றுகளில் ஏறக்குறைய பாதி காளை. ஏரும் வண்டியும் போய் டிராக்டர் வந்தபின் காளைக்கன்றுக்கு வேலை இல்லை. அது எங்கே போகும் என்று நமக்குத் தெரியும். கன்று செத்துப்போனால் அதன் தோலை உரித்து வைக்கோலைத் திணித்துப் பசுவின் முன்னால் நிறுத்துவது நம் ஊர்ப் பால்காரரின் பழைய வழக்கம். தாய் அந்தத் தோலை நக்கும், மடி சுரக்கும், செம்பு நிறையும். அந்தப் பாலில் போட்ட காப்பிக்கும் நாம் வைத்திருக்கும் பெயர் சைவம்.

காந்தியை இந்தக் கேள்வி வாட்டியது. பாலுக்காகக் கல்கத்தாவில் பசுக்களுக்குச் செய்யும் கொடுமையைப் படித்து 1912இல் பாலை விட்டார். 1918இல் தொடங்கிய கடும் நோயில் கிடந்தபோது, விரதம் எடுத்த நேரத்தில் மனத்தில் இருந்தது பசுவும் எருமையும்தானே என்ற சமாதானத்தோடு ஆட்டுப்பாலைக் குடித்தார். விரதத்தின் எழுத்தைக் காத்து அதன் ஆன்மாவை விட்டுவிட்டேன் என்று தன் வரலாற்றிலேயே வருந்தினார்.

1944இல் இங்கிலாந்தில் டொனால்ட் வாட்சனும் நண்பர்களும் பால், முட்டை எதுவும் வேண்டாம் என்று பிரிந்தபோது வெஜிடேரியன் என்ற ஆங்கிலச் சொல்லின் முதல் மூன்று எழுத்தையும் கடைசி இரண்டையும் சேர்த்து 'வீகன்' என்று பெயரிட்டார்கள். இதற்கு இணையத்தில் எழுதும் தமிழர் ஆக்கிய சொல் நனிசைவம். சால, உறு, தவ, நனி, கூர், கழி என்று இலக்கணம் சொல்லும் மிகுதிப் பொருள் உரிச்சொற்களில் ஒன்று நனி. சொல்லழகு உண்டு. ஆனால் 'மிகுந்த சைவம்' என்றதும் சுத்தத்தில் இன்னொரு படி ஏறியதாகத் தோன்றும் ஆபத்தும் உண்டு. நனிசைவம் தூய்மைப் போட்டி அல்ல, உயிரைப் பற்றிய கேள்வி. பட்டைப் பாருங்கள்: கூட்டுப்புழு உள்ளே இருக்கக் கூட்டை வெந்நீரில் போட்டுத்தான் நூல் எடுக்கிறார்கள். புலால் தொடாத வீட்டுக் கல்யாணத்திலும் அந்தப் பட்டுதான். காஞ்சி மடத்து மகாபெரியவர் பட்டை விடச் சொன்னதும் இந்தக் கொலையை எண்ணித்தான்.

நனிசைவத்தைக் கடைப்பிடிப்பதற்கு அயல்நாட்டுச் சாப்பாடும் தேவையில்லை. பெருமாள் கோயில் புளியோதரையை எண்ணிப் பாருங்கள். புளி, நல்லெண்ணெய், மிளகாய், வெந்தயம், எள், கடலைப்பருப்பு. ஒரு சொட்டுப் பாலோ நெய்யோ கிடையாது. இட்லி, சுண்டல், கேழ்வரகுக் களி, கருப்பட்டி போட்ட சுக்குக் காப்பி எல்லாமே அப்படித்தான். நெய் வேண்டாம், எண்ணெய் ஊற்றுங்கள் என்று சொன்னால் தோசைக்கல்லடியில் நிற்பவர் அப்படியே செய்து தருவார்.

ஆகவே என் முடிவு இது: பெயர்களில் மூத்ததே நல்லது. சைவம் ஒரு கூட்டத்தின் அடையாளமாகிவிட்டது. மறுத்தல் இன்றும் ஒரு செயலாகவே இருக்கிறது. மீனவர் வீட்டில் பிறந்தவரும் அதைச் செய்யலாம், மடத்தில் வளர்ந்தவரும் செய்யத் தவறலாம். 'நான் சைவம்' என்று சொல்லும் ஒவ்வொருவரும் தட்டில் உள்ள நெய்யும் இடுப்பில் உள்ள தோல்வாரும் எந்த உயிரிடமிருந்து வந்தன என்று ஒருமுறை கேளுங்கள். அசைவம் உண்பவரைத் தாழ்வாகப் பார்ப்பதை முதலில் மறுங்கள். பிறகு உங்களால் மறுக்க முடிந்ததை ஒவ்வொன்றாக மறுங்கள்.