தோம்பில் எழுதிய விசுவாசம்: பண்டத்தரிப்புக் கோயிற்பற்றும் அதிகாரிகளின் ஐயமும்

ஒல்லாந்தப் போதகர் பிலிப்பு பல்தேயஸ் 1672இல் அம்ஸ்டர்டாமில் வெளியிட்ட நூலில், வலிகாமத்துக் கோயில்களின் வரிசையில் பண்டத்தரிப்பும் வருகிறது. பறங்கியர் எனப்பட்ட போர்த்துக்கேயர் காலத்தில் கத்தோலிக்கப் பூசை நடந்த கோயிற்பற்று அது. 1658இல் யாழ்ப்பாணக் கோட்டை ஒல்லாந்தர் வசமானபின், அங்கே சீர்திருத்தச் சபையின் பிரசங்கமும் பள்ளிக்கூடமும் நடந்தன. 1820இல் அமெரிக்க மிசன் மருத்துவர் ஜோன் ஸ்கடர் அதே ஊரில் வந்து தங்கினார். ஆட்சிகள் மாறிய இந்தக் காலம் முழுவதும் அதிகாரிகளை உறுத்திய கேள்வி ஒன்றுதான்: இந்தக் கிறிஸ்தவன் யாருடைய ஆள்? அவன் எதை நம்புகிறான் என்பது அவர்களுக்கு இரண்டாம் பட்சம்.

முதலில் இதைக் கேட்டவன் யாழ்ப்பாண அரசன் முதலாம் சங்கிலி. பிரான்சிஸ் சவேரியார் அனுப்பிய குருவிடம் மன்னார் மக்கள் ஞானஸ்நானம் பெற்றார்கள். 1544இல் அவர்களில் ஏறத்தாழ அறுநூறு பேரைச் சங்கிலி கொல்வித்தான். அதைச் சமய வெறி என்று மட்டும் எழுதுவது வழக்கம். ஆனால் ஞானஸ்நானம் பெற்ற கரையோர மக்கள் போர்த்துக்கேய மன்னனின் பாதுகாப்பை நாடுவதை எதிர்க்கரையின் முத்துக்குளித்துறையில் அதற்குச் சில ஆண்டுகளுக்கு முன்பே எல்லோரும் கண்டிருந்தார்கள். மதம் மாறியவனைக் குடி மாறியவனாகவே சங்கிலி கணக்கிட்டான் என்று கொள்வதே பொருத்தம். கொலை அதனால் நியாயமாகிவிடாது.

ஒல்லாந்தரின் கணக்கும் வேறல்ல. கத்தோலிக்கக் குருவுக்கு அடைக்கலம் தருவோருக்கு மரண தண்டனை என்று 1658இலேயே கட்டளை பிறந்தது. அவர்கள் பார்வையில் குரு என்பவர் கோவாவிலிருந்த போர்த்துக்கேய ஆட்சியின் ஒற்றர். ஆனாலும் கட்டளையைவிட ஆழமாக வேலை செய்தது பள்ளித் தோம்பு என்ற பதிவேடுதான். ஞானஸ்நானம், விவாகம், பிள்ளைகளின் பள்ளி வரவு எல்லாவற்றையும் சட்டம்பியார் என்ற பள்ளி ஆசிரியர் அதில் பதிந்தார். பள்ளிக்கு வராத பிள்ளைக்குக் குற்றப்பணம். சீர்திருத்தச் சபையில் பெயர் இல்லாவிட்டால் உத்தியோகம் இல்லை, விவாகத்துக்குச் சட்ட மதிப்பு இல்லை, அதனால் முதுசத்துக்கும் சிக்கல். ஆகவே ஊர் திரண்டு வந்து பெயர் பதிந்தது. வீட்டில் தன் வழக்கப்படியே கும்பிட்டது. சைவரும் கத்தோலிக்கரும் இதில் ஒரே நிலையில் இருந்தார்கள்.

உரோமரைப் படித்தவர்களுக்கு இது புதிதல்ல. கி.பி. 112 அளவில் பித்தீனியாவை ஆண்ட பிளினி, கிறிஸ்தவர்களை என்ன செய்வது என்று பேரரசர் திராயானைக் கடிதம் எழுதிக் கேட்டார். மும்முறை கேட்டும் மறுக்காதவர்களை அவர் ஏற்கெனவே தண்டனைக்கு அனுப்பியிருந்தார். அவர்களிடம் வேறு குற்றம் காணாதபோதும் பிடிவாதமே தண்டனைக்குப் போதும் என்று கருதினார். தேடிப் பிடிக்க வேண்டாம், குற்றஞ்சாட்டி நிரூபித்தால் தண்டி, மொட்டைக் கடுதாசியை ஏற்காதே என்பது திராயானின் பதில். 250இல் பேரரசர் தேசியு காலத்தில் முறை மாறியது. தெய்வங்களுக்குப் பலியிட்டதற்கு ஒவ்வொருவரும் சான்றிதழ் காட்ட வேண்டியதாயிற்று. பலியிடாமலே சான்றிதழை விலைக்கு வாங்கிய கிறிஸ்தவர்களும் இருந்தார்கள். யாழ்ப்பாணத்துத் தோம்பு இந்தச் சான்றிதழுக்குத்தான் நெருங்கிய உறவு.

குருமார் விடயத்தில் ஒல்லாந்தர் திராயானைப் போலப் பொறுமை காட்டவில்லை, தேடிப் பிடிக்கவே முயன்றார்கள். கோவாவில் 1651இல் பிறந்த யோசேப் வாஸ் 1687இல் பிச்சைக்காரக் கோலத்தில் யாழ்ப்பாணம் வந்து சேர்ந்தார். அவருக்கு இடம் கொடுத்தது பண்டத்தரிப்புக்கு அடுத்த சில்லாலை. உயிர்த்தண்டனைக் கட்டளை அமலில் இருக்க, ஊர் முழுக்க வாய்மூடிக் காத்தது. ஒரு நத்தார் இரவில் யாழ்ப்பாணப் பட்டணத்தில் கூடியிருந்த கத்தோலிக்கரைச் சேவகர் சுற்றிவளைத்தனர். பிடிபட்டோருக்கு அடியும் குற்றப்பணமும் சிறையும் கிடைத்தன. வாஸ் அகப்படவில்லை. பின்பு 1692இல் கண்டி இராச்சியத்துக்குள் சென்றபோது அங்கே அவரைச் சிறையிட்டதும் போர்த்துக்கேய ஒற்றர் என்ற ஐயத்தில்தான். பௌத்த அரசனுக்கும் கல்வினிய வணிகனுக்கும் இந்த ஒன்றில் மட்டும் கருத்து வேற்றுமை இல்லை! ஆனால் கண்டி அரசன் விசாரித்துத் தெளிந்தபின் அவரை நடமாட விட்டான். அங்கே தளம் அமைத்துக்கொண்டுதான் வாஸ் ஒல்லாந்தர் பகுதிகளுக்கும் போய்வந்தார். 1711இல் கண்டியில் இறந்த அவரை 2015இல் பாப்பரசர் பிரான்சிஸ் கொழும்பில் புனிதராக அறிவித்தார்.

பதினெட்டாம் நூற்றாண்டில் கட்டளைகள் புதுப்பிக்கப்பட்டன, ஆனால் கை தளர்ந்தது. கோவா அச்சம் மங்கிவிட்டது. வரியும் வணிகமும் குழம்பாதிருப்பதே ஒல்லாந்த வணிகக் கும்பனிக்குப் பெரிதாயிற்று. சைவக் கோயில்களும் மெல்ல எழும்பின. கத்தோலிக்கருக்கு எதிரான சட்டத் தடைகளை 1806இல் ஆங்கிலத் தேசாதிபதி மேற்லன்ட் நீக்கினார்.

ஆனால் ஐயம் இடம்மாறியதே ஒழிய ஒழியவில்லை. தேசாதிபதி பிறவுண்றிக் அனுமதித்ததால் அமெரிக்க மிசனரிமார் 1816இல் தெல்லிப்பழையிலும் வட்டுக்கோட்டையிலும் பழைய ஒல்லாந்தக் கோயில்களைப் பெற்றார்கள். பின்வந்த எட்வேட் பாண்ஸுக்கு அது பிடிக்கவில்லை. பிரித்தானியாவும் அமெரிக்காவும் போரிட்டு ஓய்ந்து ஐந்தாறு ஆண்டுகளே ஆகியிருந்தன. ஸ்கடர் பண்டத்தரிப்பில் குடியேறிய அதே 1820இல், மிசனுக்குப் புதிதாக வந்த அச்சாளர் காரெற்றை இலங்கையை விட்டு வெளியேறும்படி பாண்ஸ் உத்தரவிட்டார். இருப்பவர் இருக்கலாம், புதியவர் வரக்கூடாது என்பது அரசின் நிலைப்பாடு. இவர்கள் ஆங்கிலேயரைப் போலவே சீர்திருத்தக் கிறிஸ்தவர்கள், பேசியதும் ஆங்கிலமே. குறை, வேறு கொடியின் கீழ் பிறந்தது. 1833இல்தான் அந்தத் தடை நீங்கியது. அவ்வாண்டு வந்திறங்கிய புதிய குழுவில் மைனர் என்ற அச்சாளரும் இருந்தார். மிசனின் அச்சகம் மானிப்பாயில் இயங்கத் தொடங்கியது.