மேற்பார்வை அதிகாரமும் காத்திருப்போர் வரிசையும்

கீழமை நீதிமன்றங்களில் தேங்கிய மனுக்களை விரைந்து முடிக்குமாறு உயர் நீதிமன்றம் ஆணையிடும் மரபு, 1861ஆம் ஆண்டின் இந்திய உயர் நீதிமன்றங்கள் சட்டம் வழங்கிய மேற்பார்வை அதிகாரத்தில் வேர்கொண்டது. இன்று அது அரசமைப்புச் சட்டத்தின் 227ஆவது உறுப்பில் நிலைபெற்றுள்ளது. இவ்வாணை வேண்டித் திருச்சிராப்பள்ளி, திருவரங்கம் வழக்காடிகள் நெடுங்காலம் சென்னையையே நாடினர். 2004 சூலை 24 அன்று மதுரைக் கிளை தொடங்கப்பெற்றபின் தொலைவு குறைந்தது. வரிசைச் சிக்கல் குறையவில்லை. உயர் நீதிமன்றம் செல்லும் வசதியுடையோரின் மனு முந்தினால், வசதியற்றோரின் பழைய மனு பிந்தும். பிற நீதிமன்ற வழக்குகளுக்குக் காலக்கெடு விதிப்பதை விதிவிலக்கான சூழல்களுக்கே உரியதாக்கிய உச்ச நீதிமன்றத்தின் ஐவர் அமர்வும் (2024 பிப்ரவரி 29) இவ்வேற்றத்தாழ்வைச் சுட்டியது. ஆகவே, விரைவாணையின் வரலாற்றை வரிசையில் காத்திருந்தோர் பக்கமிருந்தும் எழுதுதல் வேண்டும்.